இரு இயக்குநர்களும் எம்மூர்ப் பெண்களும்

ஒருவன் தன் வாழ்நாளெல்லாம் ஒரே தொழிலில் நின்று முதிர்ந்தான் என்று கேட்பின், நாம் அவனைப் போற்றுகின்றோம். உழவனாயினும், தச்சனாயினும், ஆசிரியனாயினும், ஐம்பதாண்டு ஒரு தொழிலை விடாது பற்றியவனிடத்து நமக்கு இயல்பாகவே மதிப்புண்டாகிறது. ஆயினும் தொழிலின் நீளத்தை ஆண்டுகளால் மட்டும் அளத்தல் போதாது. அத்தொழில் எத்தனை வீடுகளுக்குள் புகுந்தது, எத்தனை மக்கள் தம்முள் பேசிக்கொள்ள இடந்தந்தது, அது கண்டது யாது, காணாது விட்டது யாது என்பனவும் அளவுகோல்களேயாம். இவ்வளவுகோல்களைக் கைக்கொண்டு, நாடகம், திரைப்படம், தொலைக்காட்சி என்னும் மூன்று துறைகளிலும் அரை நூற்றாண்டுக்கு மேல் உழைத்த இயக்குநர் கே. பாலசந்தரைப் பற்றிச் சில சொல்ல விரும்புகிறேன். அவரை எனக்குப் புதிதாகக் கற்பித்தவர்கள் கலை விமர்சகர்கள் அல்லர். என் வீட்டு மாடியில் குடியிருக்கும் தொழிற்சாலைப் பெண்களே.

நான் வாழ்வது சுங்குவார்சத்திரத்தில். சென்னையிலிருந்து பெங்களூர் செல்லும் நெடுஞ்சாலையில் ஸ்ரீபெரும்பூதூரைக் கடந்து சிறிது தொலைவு சென்றால் எம்மூர் வரும். நம் கல்லூரியை விட்டு ஆசிரியப் பணியேற்று நான் இப்பக்கம் வந்த நாளில், ஸ்ரீபெரும்பூதூர் என்றால் இராமாநுசர் அவதரித்த தலம் என்பதே யாவர்க்கும் முதலில் நினைவு வரும். 1991க்குப் பின்னர், இராஜீவ் காந்தி உயிர்நீத்த இடம் என்று உலகோர் அறிந்தனர். அதன்பின் வந்த மாறுதலோ எவரும் கனவிலும் கருதாதது. 1998இல் இருங்காட்டுக்கோட்டையிலிருந்து ஹூண்டாய் கார்கள் வெளிவரலாயின. கண்ணாடி செய்யும் பிரெஞ்சு நிறுவனமாகிய செயின்ட் கோபேன் வந்தது. கைபேசித் தொழிற்சாலைகள் வந்தன. 2010இல் ஒரகடத்தில் ரெனோ நிசான் கார்த் தொழிற்சாலை திறக்கப்பட்டது. 2012இல் பாரத்பென்ஸ் லாரிகளும், அதற்கடுத்த ஆண்டில் ராயல் என்ஃபீல்டு மோட்டார் சைக்கிள்களும் அவ்வூரிலேயே உருவாகத் தொடங்கின. ஏரிநீர் பாய்ந்து நெல் விளைந்த நிலத்தினூடே ஆறு வண்டிகள் ஒருங்கே செல்லத்தக்க சாலைகள் ஓடின.

நிற்க. தொழிற்சாலைகளைப் பற்றி எழுதுவோர் பலர். அங்கு வேலை செய்யும் பெண்களைப் பற்றி எழுதுவோர் சிலரே. திருவண்ணாமலை, விழுப்புரம், வேலூர் முதலிய பக்கங்களிலிருந்தும், தொலைவிலுள்ள வடமாநிலங்களிலிருந்தும், பதினெட்டு வயது கடந்த பெண்கள் ஆயிரக்கணக்கில் இப்பக்கம் வந்து தங்கியுள்ளனர். அவர்கள் தொகையைக் கருதுதற்கு ஒரு சான்று கூறுவேன். 2024 ஆகஸ்டில் வல்லம் வடகாலில் சிப்காட் நிறுவனம் கட்டித் திறந்த மகளிர் விடுதித் தொகுதி ஒன்றில் மட்டும் 18,720 பேர் தங்கலாம். ஒரு சிறு நகரத்தின் மக்கள் தொகை அது! விடுதியில் இடம் பெறாதோர் ஊருக்குள் அறையெடுத்துத் தங்குகின்றனர். அவ்வாறே என் வீட்டு மாடியிலும் ஆறு பெண்கள் உள்ளனர். எத்தொழிற்சாலையில் வேலை செய்கின்றனர் என்பது ஈண்டு வேண்டா. விடியுமுன் கம்பெனி பஸ் ஏறுவோர் மூவர். இரவு நடுயாமத்தில் இறங்குவோர் மூவர். ஒரு படுக்கையின் சூடு ஆறுமுன் மற்றொருத்தி அதில் வந்து துயில்வாள். வாரவிடுமுறை ஒருசேர வாய்க்கும் ஞாயிறுகளில் மட்டும் ஆறு பேரும் கீழிறங்கி என் மனைவியோடு அமர்ந்து தொலைக்காட்சி காண்பர்.

இனி, இயக்குநரிடம் வருவோம். பாலசந்தர் 1930ஆம் ஆண்டு ஜூலைத் திங்கள் 9ஆம் நாள், நன்னிலத்தை அடுத்த நல்லமாங்குடியில் பிறந்தார். அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் விலங்கியல் பயின்று பட்டம் பெற்றார். முத்துப்பேட்டையில் சிறிதுகாலம் பள்ளி ஆசிரியராக இருந்தார். பின்னர்ச் சென்னையில் அக்கவுண்டண்ட் ஜெனரல் அலுவலகத்தில் எழுத்துப்பணி ஏற்றார். பகலெல்லாம் கணக்கு, மாலையெல்லாம் நாடகம். இவ்வாறு பல்லாண்டு நடந்தது. 'மேஜர் சந்திரகாந்த்', 'சர்வர் சுந்தரம்', 'நீர்க்குமிழி', 'நாணல்' முதலிய நாடகங்கள், அலுவலகம் முடிந்து பஸ் ஏறி ஒத்திகைக்கு வந்த மனிதர்களைக் கொண்டே அரங்கேறின. 1964இல் எம்.ஜி.ஆர். நடித்த 'தெய்வத்தாய்' படத்துக்கு உரையாடல் எழுதினார். 1965இல் 'நீர்க்குமிழி'யைத் தாமே திரைப்படமாக இயக்கினார். அப்போது அவருக்கு வயது முப்பத்தைந்து. மாதச் சம்பளத்தின் அருமையறிந்த ஒருவர் அதனை விட்டுக் கலையை நம்பிப் புறப்பட்டார் என்பதை மாணவர்கள் கருத வேண்டும். அவர் பிற்காலத்தில் எடுத்த படங்களில் சம்பளநாள், கடன், வாடகை, வேலைவிண்ணப்பம் ஆகியவை இடைவிடாது வருதற்குக் காரணம் இதுவே என்பது என் கருத்து.

அவருடைய படங்களை வரிசையாக வைத்து நோக்குமிடத்து, ஓர் உண்மை புலப்படும். பெரும்பாலானவை ஒரு வீட்டுக்குள் நிகழ்பவை. 'எதிர்நீச்சல்' (1968) பல குடித்தனங்கள் வாழும் ஒரு வீட்டின் கதை. நாகேஷ் ஏற்ற மாது என்னும் அநாதை மாணவன், குடித்தனக்காரர் ஒவ்வொருவர்க்கும் ஏவல் செய்து, மாடிப்படியின் கீழ்க் கிடந்து படிக்கிறான். அப்படத்தைக் கண்ட ஏழை மாணவர் எவரும் தம்மை அதில் காணாதிரார். 'இரு கோடுகள்' (1969) ஜோசப் ஆனந்தன் எழுதிய நாடகத்தினின்றும் தோன்றியது. ஒரு கோட்டைத் தொடாமலே சிறிதாக்குவது எவ்வாறு? அதனருகே அதனினும் நீண்டதொரு கோடு வரைவதேயாம். இச்சிறு கணக்கைக் கொண்டு, கணவனுடைய அலுவலகத்துக்கே கலெக்டராக வந்து சேரும் முதல் மனைவியின் கதையை அவர் பின்னினார். அப்படம் அவ்வாண்டின் சிறந்த தமிழ்ப்படத்துக்குரிய தேசிய விருது பெற்றது. 'அரங்கேற்றம்' (1973) வறுமையுற்ற வைதிகக் குடும்பத்தின் மூத்த மகள் உடன்பிறந்தாரைக் காக்கத் தன்னையே விற்றதைக் கூறிப் பெரும் பூசலை எழுப்பியது. 'அபூர்வ ராகங்கள்' (1975) கமல்ஹாசனை இளைஞனாக நிறுத்தி, ரஜினிகாந்தை முதன்முதல் திரைக்குக் கொணர்ந்தது. 'வறுமையின் நிறம் சிவப்பு' (1980) டில்லியில் வேலையின்றித் திரிந்த முதுகலைப் பட்டதாரி இறுதியில் முடிதிருத்தும் தொழிலேற்றுத் தலைநிமிர்வதைக் காட்டியது. கோமல் சுவாமிநாதன் நாடகத்தைத் தழுவிய 'தண்ணீர் தண்ணீர்' (1981) மட்டும் வீட்டை விட்டு வெளியேறி, நீரற்ற ஓர் ஊரையே கதைத்தலைவனாக்கியது.

நான் நம் கல்லூரியில் சேர்ந்த ஆண்டில் வெளிவந்த படம் 'அவள் ஒரு தொடர்கதை' (1974). சுஜாதா ஏற்ற கவிதா என்னும் பாத்திரத்தை அக்காலத்து மாணவர்கள் மறந்திரார். தந்தை துறவு பூண்டு வீட்டைத் துறந்தார். தமையன் குடித்துத் திரிந்தான். விதவைத் தங்கை ஒருத்தி, கண்ணிழந்த தம்பி ஒருவன். இத்தனை பேர்க்கும் ஒருத்தியின் சம்பளமே சோறு. அவளை விரும்பிய இளைஞன் காத்திருந்து சலித்து அவள் தங்கையையே மணந்துகொள்கிறான். இறுதியில் அவளுக்கும் மணவாழ்க்கை வாய்ப்பதாகத் தோன்றி, வாசலிலேயே வழுவிவிடுகிறது. அவள் பழையபடி அலுவலகம் செல்கிறாள். கறுப்பு வெள்ளையில் எடுக்கப்பட்ட இக்கதையைப் பாலசந்தரே தெலுங்கிலும் கன்னடத்திலும் மீண்டும் இயக்கினார் என்பதால், அவர் மனத்தை அது எவ்வளவு பற்றியிருந்தது என்பது விளங்கும். அன்று விடுதியில் நாங்கள் கவிதாவைத் தியாகத்தின் வடிவமென்று கூறி வாதித்தோம். எங்களுள் ஒருவனாவது சம்பாதித்தறியான்.

சென்ற ஆண்டு ஒரு ஞாயிறு பிற்பகல், அப்படம் எங்கள் வீட்டுத் தொலைக்காட்சியில் ஓடியது. ஆறு பெண்களும் அமர்ந்து கண்டனர். ஐம்பதாண்டு பழமையான படமாயிற்றே, அலுத்து எழுந்துவிடுவர் என்று என் மனைவி கருதினாள். ஒருத்தியும் எழவில்லை. தமையன் பணங்கேட்டு நிற்கும் காட்சியில் ஒருத்தி தன் கைபேசியைக் கவிழ்த்து வைத்தாள். அவள் தம்பி அன்று காலை இருமுறை அழைத்திருந்தான் என்பது பின்னர்த் தெரிந்தது. படம் முடிந்ததும் வாதம் எழுந்தது. "அவள் செய்ததே சரி, வேறு யார் செய்வார்?" என்றாள் ஒருத்தி. "அவளைச் சரியென்று சொல்லிச் சொல்லித்தான் நம்மையும் இங்கு நிறுத்தியிருக்கிறார்கள்" என்றாள் மற்றொருத்தி. போளூர்ப் பக்கத்துப் பெண் ஒருத்தி மட்டும் பேசாதிருந்தாள். நான் அவள் கருத்தைக் கேட்டேன்.

"ஐயா, அவள் சம்பளத்தைப் பற்றி அவ்வீட்டில் எல்லாரும் பேசுகிறார்கள். அவள் என்ன வேலை செய்கிறாள் என்று ஒருவரேனும் கேட்டார்களா? படம் எடுத்தவரும் கேட்கவில்லையே" என்றாள்.

அச்சொல் என்னுள் நெடுநாள் நின்றது. என்னை? ஐம்பதாண்டாக நாம் போற்றிவந்த ஒரு படத்தில், நாம் நோக்காத ஓரிடத்தை இருபத்துமூன்று வயதுப் பெண் ஒருத்தி விரல் வைத்துக் காட்டிவிட்டாள். கவிதா அலுவலகத்தில் இருக்கும் காட்சிகள் உண்டு. ஆயினும் அங்கு அவள் யாரோடு பேசினாள், யார் அவளை விரும்பினார் என்பதே கதை. காலை முதல் மாலை வரை அவள் கைகள் என்ன செய்தன என்பது கதையன்று. பாலசந்தரின் கேமரா வீட்டின் அடுக்களை வரை சென்றது. படுக்கையறையின் வாயில் வரை சென்றது. வேலையின் அருகே மட்டும் தயங்கி நின்றுவிட்டது. இது குறைகூறுவதற்காக எழுதுவதன்று. ஒரு கலைஞன் ஒரு திசையில் கூர்ந்து நோக்கும்போது, மற்றொரு திசை அவன் முதுகின்பின் கிடத்தல் இயல்பே.

அம்மற்றொரு திசையை நோக்கிய இயக்குநர் ஒருவரும் இருந்தார். அவர் பிரான்ஸ் தேசத்தவர். பாலசந்தருக்கு இரண்டாண்டு இளையவர். பெயர் லூயி மால். 1932இல் வடபிரான்சில் தூமெரி என்னும் ஊரில் செல்வக் குடும்பத்தில் பிறந்தவர். கடலாராய்ச்சியாளர் கூஸ்தோவுடன் சேர்ந்து அவர் இயக்கிய கடலடிப் படம் 1956இல் கான் விழாவின் முதற்பரிசு பெற்றது. பின்னர்ப் பிரான்சிலும் அமெரிக்காவிலும் கதைப்படங்கள் பல இயக்கி, 1995இல் மறைந்தார். அவர் 1968இன் தொடக்கத்தில் ஒளிப்பதிவாளர் ஒருவரையும் ஒலிப்பதிவாளர் ஒருவரையும் மட்டும் உடன்கொண்டு நம் நாட்டுக்கு வந்து, திங்கள் பல சுற்றினார். அவர் படம்பிடித்தவை ஏழு பகுதிகளாகப் பிரெஞ்சுத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பாயின. அவற்றுள் ஒரு பகுதி முழுவதும் சென்னையைப் பற்றியது. மயிலாப்பூர்த் தேரும், கலாக்ஷேத்திரத்து மாணவியரும், 'தில்லானா மோகனாம்பாள்' படப்பிடிப்பில் பத்மினி ஆடுவதும் அதில் உள்ளன. அத்தொடரை பி.பி.சி. ஒளிபரப்பியபோது, வறுமையையே காட்டிவிட்டதென்று நம் அரசு சினந்து, டில்லியிலிருந்த பி.பி.சி. அலுவலகத்தை மூடச்செய்தது. சென்னையின் தெருக்களில் மால் கேமராவோடு நின்ற அதே ஆண்டில், அந்நகரத்தின் ஒண்டுக்குடித்தன வீடொன்றைப் பாலசந்தர் 'எதிர்நீச்சலா'கப் படைத்துக்கொண்டிருந்தார். ஒருவர் தெருவைக் கண்டார். மற்றவர் வீட்டைக் கண்டார்.

இதனினும் வியப்பானது ஒன்றுண்டு. பாலசந்தர் 'அரங்கேற்ற'மும் 'அவள் ஒரு தொடர்கதை'யும் எடுத்த காலத்தையொட்டி, மால் பிரான்சில் ரென் நகரத்திலுள்ள சித்ரோவன் கார்த் தொழிற்சாலைக்குள் புகுந்து ஒரு படம் எடுத்தார். அதில் கதையில்லை, விளக்கவுரையும் இல்லையென்றே கூறலாம். இரும்புத்தகடு காராக உருப்பெறும் வரிசையில் நிற்கும் தொழிலாளர்களின் கைகளும் முகங்களுமே படம். இடையில் பாரிஸ் நகரத்துக் கார்க் கண்காட்சி வருகிறது. அங்குக் கார்களைத் தடவிப் பார்ப்போர் பேசிக்கொண்டேயிருக்கின்றனர். தொழிற்சாலையில் அவற்றைச் செய்தோரோ பேசுவதேயில்லை. பிறகு கேமரா மீண்டும் தொழிற்சாலைக்கே செல்கிறது. ஒரு கை, ஓர் அசைவு, அதே அசைவு, மீண்டும் அதே அசைவு. காண்போனுக்குச் சலிப்புத் தோன்றும் வரை காட்டுகிறார். அச்சலிப்பே அவர் சொல்ல விரும்பிய செய்தி என்பது சிறிது பொறுத்தால் விளங்கும்.

என் மருமகன் ஒருவனுடைய உதவியால் அப்படத்தைப் பெற்று, போளூர்ப் பெண்ணுக்கு ஒரு பகுதி காட்டினேன். மொழி தெரியாது, தெரியவும் வேண்டாமாயிற்று. அவள் திரையருகே நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டாள். "இந்தப் பெண் புதியவள் ஐயா, இன்னும் கண்ணால் பார்த்துச் செய்கிறாள், பழகினால் கை தானே போகும்" என்றாள். மற்றொருத்தியைக் காட்டி, "இவளுக்குக் கழுத்து வலிக்கிறது, தோளை எப்படித் தூக்குகிறாள் பாருங்கள்" என்றாள். அரைமணி நேரம் இவ்வாறே விளக்கிக்கொண்டிருந்தாள். பட்டம் பெற்ற எவரும் அப்படத்தை அவ்வளவு நன்றாகப் படித்திரார். முடிவில், "இவர்களுக்கு வீடு உண்டா இல்லையா என்று இவர் காட்டவில்லையே" என்றாள். ஆம், அதுவும் உண்மையே. பாலசந்தர் வீட்டைக் காட்டி வேலையை விட்டார். மால் வேலையைக் காட்டி வீட்டை விட்டார். இரண்டும் சேர்ந்த படம் எது என்று கேட்பாள் போல அவள் என்னை நோக்கினாள். நான் அறிந்தவரையில் எம்மூர்ப் பெண்களைப் பற்றி அத்தகைய படம் இன்னும் பிறக்கவில்லை.

அவள் அவ்வாறு கேட்டதற்குக் காரணம் வேறொன்றும் இருந்தது. அதனை அவள் இசைவுடனேயே எழுதுகிறேன். அவள் வந்து நான்காண்டு ஆயிற்று. தம்பியின் பொறியியற் கல்லூரிக் கட்டணமும், வீட்டின் மேல் வாங்கிய கடனின் வட்டியும் அவள் சம்பளத்தினின்றே சென்றன. பன்னிரண்டாம் வகுப்பில் நல்ல மதிப்பெண் பெற்றவள், பி.காம். படிக்க விரும்பியவள். "தம்பி முடிக்கட்டும், பிறகு பார்க்கலாம்" என்பது வீட்டார் சொல். தம்பி முடிக்கும் ஆண்டில், அவளுக்கு வரன் பார்த்திருப்பதாகவும், மணமுடியும் வரை சம்பளம் முழுவதையும் நகைக்கெனச் சேர்க்க வேண்டுமெனவும் செய்தி வந்தது. அவளுக்கெனக் கேட்ட ஒன்று முதலில் தம்பியின்பின் நின்றது. இப்போது நகையின்பின் நின்றது. மாடிப்படியில் தனியே அமர்ந்திருந்த அவளை என் மனைவி கீழே அழைத்துவந்து சோறிட்டாள்.

படங்களில் இந்நிலையில் இரண்டு முடிவுகளே உண்டு. ஒன்று, கவிதாவைப்போல் மீண்டும் சுமையைத் தோளிலேற்றுதல்; மற்றொன்று, வீட்டையே உதறிச் செல்லுதல். இவள் இரண்டையும் செய்யவில்லை. தொலைநிலைக் கல்வியில் பி.காம். வகுப்பில் சேர்ந்தாள். வீட்டுக்கு அனுப்பும் பணத்தை ஒரு குறித்த தொகையாக வரையறுத்து, எஞ்சியதைத் தன் பெயரில் வங்கியிலிட்டாள். தந்தையை அழைத்து, "அப்பா, வட்டிக்கு வேண்டியது வரும். மற்றதை நான் படிக்க வைத்துக்கொள்கிறேன். மூன்றாண்டு கழித்து மணம் பேசலாம்" என்றாள். இவ்வளவே. குரலை உயர்த்தவில்லை. ஆயினும், பேசிமுடித்தபின் அவள் கைகள் நடுங்கியதை நான் கண்டேன். அருகிலிருந்த தோழி, "இரு கோடுகள் கதைதான்! பழைய கோட்டை அழிக்காமல் புதுக்கோடு போட்டுவிட்டாய்" என்று நகைத்தாள். அவ்வாறாயின், பாலசந்தரும் அவளுக்குச் சிறிது துணைநின்றார் என்றே கொள்ளலாம்.

தந்தையார் இரண்டு திங்கள் அவள் அழைப்பை ஏற்கவில்லை. அந்நாட்களில் அவள் பட்ட துயரத்தை நான் விரித்துரைக்க விரும்பவில்லை. வேலைக்குச் சென்றாள், படித்தாள், உண்ணுதலை மட்டும் குறைத்துக்கொண்டாள். பொங்கலுக்கு முன்னர் ஒருநாள் அவரே வந்தார். ஒரு சிறுமூட்டை வேர்க்கடலையும், புது அரிசியும் கொண்டுவந்து என் மனைவியிடம் கொடுத்தார். மகள் ஷிப்டு முடிந்து வருதற்கு இரண்டு நாழிகை இருந்தது. கூடத்தில் அமர்ந்து பேசாதிருந்தவர், திடீரென்று, "வாத்தியாரய்யா, என் பெண் அங்கே என்னதான் வேலை செய்கிறாள்? நான்கு வருடமாகிறது, எனக்குத் தெரியாதே" என்றார்.

"அவளையே கேளுங்கள்" என்றேன். அவள் வந்தாள். அவர் கேட்டார். அவள் முதலில் திகைத்துப் பின்னர்ச் சொல்லத் தொடங்கினாள். லைனில் எங்கு நிற்பாள், தன்முன் வந்து நிற்கும் சிறு கருவியின் முகப்பில் கீறல் உண்டா எனச் சில நொடிகளில் எவ்வாறு காண்பாள், ஒன்றைத் தவறவிட்டால் மேற்பார்வையாளர் என்ன சொல்வார், நிற்பதால் கால் எவ்வாறு வீங்கும், கண்ணை இமைக்காமல் பார்ப்பதால் இரவில் எவ்வாறு எரியும் என்று ஒன்றொன்றாகச் சொன்னாள். அவர் இடையிடையே, "எத்தனை நேரம் நிற்பாய்?", "உட்கார விடமாட்டார்களா?" என்று கேட்டார். படிப்பைப் பற்றி அன்று பேச்சே எழவில்லை. மறுநாட்காலை பஸ் ஏறுமுன், "பரீட்சை எப்போது?" என்று மட்டும் கேட்டுச் சென்றார். கடன் இன்னும் தீரவில்லை. வரன் பற்றிய பேச்சும் ஓயவில்லை. ஆயினும், ஒரு தந்தை தன் மகளின் வேலையைக் கேட்டறிந்தார். எந்தப் படத்திலும் நான் காணாத காட்சி அது.

இஃது ஒருபுறமிருக்க, பாலசந்தரின் தொழிலில் இறுதிப்பகுதியைக் கூறாது விடுதல் நேர்மையன்று. சென்னையில் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்ட் 15இல் தொடங்கியது. திரைப்படத்தில் புகழ் பெற்றோர் பலர் அதனைச் சிறுபெட்டியென்று எண்ணி ஒதுங்கினர். அவரோ, 'சிந்து பைரவி' (1985), 'புன்னகை மன்னன்' (1986) முதலிய படங்களால் பெயர் நிலைத்து, 1987இல் பத்மஸ்ரீ விருதும் பெற்றபின், அறுபது வயதையொட்டி, 'ரயில் சிநேகம்' என்னும் தொடரைத் தூர்தர்ஷனுக்காக இயக்கினார். பின்னர் 'கையளவு மனசு', 'காதல் பகடை', 'பிரேமி' முதலிய தொடர்கள் வந்தன. 'சிந்து பைரவி'யின் கதையை 'சஹானா' என்னும் தொடரில் மீண்டும் எடுத்துத் தொடர்ந்தார். ஒரு படைப்பாளன் தன் பாத்திரங்கள் முதுமையெய்திய பின்னர் எவ்வாறிருப்பர் என்று இருபதாண்டு கழித்துத் திரும்பிப் பார்த்தல் அரிதினும் அரிது. அவர் அமைத்த கவிதாலயா நிறுவனமே மணிரத்தினத்தின் 'ரோஜா'வைத் (1992) தயாரித்து, ஏ.ஆர். ரகுமானைத் தமிழுலகுக்கு அளித்தது. 2010ஆம் ஆண்டுக்குரிய தாதாசாகேப் பால்கே விருது அவருக்கு வழங்கப்பட்டது. 2014 டிசம்பர் 23ஆம் நாள் அவர் சென்னையில் மறைந்தார். மறைந்த பின்னரும், 'உத்தம வில்லன்' படத்தில் நடிகராக அவரைத் தமிழ்மக்கள் திரையில் கண்டனர்.

தொலைக்காட்சிக்கு அவர் சென்றது இறங்குமுகமன்று என்று நான் எண்ணுகிறேன். அவர் என்றுமே வீட்டைப் பற்றிப் படமெடுத்தவர். வீட்டுக்குள் வந்தமரும் ஒரு கருவி தோன்றியபோது, அங்குச் செல்லாது வேறெங்குச் செல்வார்? எங்கள் கூடத்தில் ஆறு பெண்களும் என் மனைவியும் அமர்ந்து, படம் முடிந்தபின் ஒருமணி நேரம் தம் வாழ்க்கையை வாதித்தார்களே, அதற்கு அக்கருவியே வழிசெய்தது. கொட்டகையில் படம் முடிந்தால் மக்கள் கலைந்து செல்வர். வீட்டில் முடிந்தால் பேச்சுத் தொடங்கும்.

மாணவ நண்பர்களே! உங்கள் கையிலுள்ள கைபேசியில் இன்று கேமரா உண்டு. அதன் கண்ணாடியில் கீறலில்லை என்று கண்டு சான்று கூறியவள் ஒருவேளை எம்மூரில் அறையெடுத்துத் தங்கியிருக்கும் பெண்ணாக இருக்கலாம். நம் கல்லூரியிலிருந்து ஆண்டுதோறும் பலர் ஒரகடத்துக்கும் ஸ்ரீபெரும்பூதூருக்கும் வேலைக்கு வருகின்றனர். சிலர் அதிகாரிகளாகவும் வருகின்றனர். படம் எடுக்கும் ஆசையுடையோரும் உங்களுள் இருப்பர். அவர்களுக்கு நான் சொல்லத்தக்கது ஒன்றே. பாலசந்தர் வைத்த இடத்திலிருந்து தொடங்குங்கள். மால் நின்ற இடத்துக்கும் செல்லுங்கள். போளூர்ப் பெண் கேட்ட இரண்டு கேள்விகளையும் எழுதி வைத்துக்கொள்ளுங்கள். அவளுக்கு இவ்வாண்டுத் தேர்வுகள் மே மாதத்தில். இரவு ஷிப்டு முடிந்து வந்து, காலை எட்டு மணி வரை மாடியில் விளக்கெரிகிறது. அவளுக்கு நேரமில்லை; படத்தை நீங்கள்தாம் எடுக்க வேண்டும்.